அழுகையின் பெயரில் ஒரு நகை: இத்தாலியக் காலப்பயணப் படமொன்றின் சமூக அங்கதம்



நகைச்சுவையை எளிய சுவையென்று கருதி ஒதுக்கும் வழக்கம் கற்றோரிடையே இன்றும் உண்டு. அவலத்துக்குத் தரும் மதிப்பை நகைக்குத் தருவதில்லை. ஆனால் தொல்காப்பியர் எட்டு மெய்ப்பாடுகளை நிரல்படுத்தும்போது நகையையே முதற்கண் வைத்தார்; அதனை அடுத்து அழுகையை வைத்தார். இவ்விரண்டும் அண்டை வீட்டார் என்பதை அவ்வரிசையே நினைவூட்டுகிறது. நகை பிறக்கும் நிலைக்களன்களாக எள்ளல், இளமை, பேதைமை, மடன் என்னும் நான்கினையும் அவர் சுட்டினார். இவற்றுள் மடன் என்பது, பிறர் கொளுத்தியதைக் கைக்கொண்டு, கொண்டதை விடாதிருக்கும் தன்மை என்று உரைகாரர் விளக்குவர். பேதைமை அறியாமை, மடனோ அறிந்ததாக எண்ணிக்கொள்ளும் அறியாமை. இந்த நுண்ணிய வேறுபாட்டை மனத்தில் இருத்திக்கொண்டால், ஐரோப்பாவில் எடுக்கப்பட்ட ஒரு நகைச்சுவைத் திரைப்படத்தின் உட்பொருள் தெளிவாகத் துலங்கும்.

அப்படம் 1984ஆம் ஆண்டு டிசம்பர்த் திங்களில் இத்தாலியில் வெளிவந்த ‘நோன் சி ரெஸ்தா கே பியாஞ்செரே’ என்பதாகும். ‘அழுவதன்றி நமக்கு வேறு வழியில்லை’ என்பது அத்தலைப்பின் பொருள். தலைப்பு அழுகையைச் சொல்ல, படம் முழுவதும் நகையாக விரிகிறது. அந்நகையின் அடியில் ஓடும் சமூக அங்கதத்தை ஆராய்வதே இவ்வுரையின் நோக்கமாகும்.

படமும் படைத்தவர்களும்

இப்படத்தை இருவர் இணைந்து இயக்கினர். அவ்விருவரே முதன்மை மாந்தராகவும் நடித்தனர். ஒருவர் ரொபெர்த்தோ பெனிஞ்ஞி. 1952இல் தஸ்கனிப் பகுதியில் பிறந்தவர். மற்றவர் மாசிமோ திரோய்சி. 1953இல் நேப்பிள்ஸ் நகரை அடுத்த சான் ஜியார்ஜியோ அ கிரெமானோ என்னும் ஊரில் பிறந்தவர். திரைக்கதையில் ஜுசெப்பே பெர்த்தொலூச்சி அவர்களுடன் பங்கு கொண்டார். வெளிவந்த பருவத்தில் இத்தாலியத் திரையரங்குகளில் வசூலில் முன்னணியில் நின்ற படம் இது.

பின்னாளில் பெனிஞ்ஞி 1997இல் எடுத்த ‘வாழ்க்கை அழகானது’ என்னும் படத்தின் வழி உலகப் புகழ் பெற்றார். 1999இல் அப்படத்துக்காகச் சிறந்த நடிகருக்கான ஆஸ்கார் விருதும் அவருக்குக் கிடைத்தது. திரோய்சியின் வாழ்வு வேறு விதமாக முடிந்தது. கவிஞர் பாப்லோ நெருடாவுக்குக் கடிதங்கள் கொண்டு செல்லும் எளிய அஞ்சற்காரனாக அவர் ‘இல் போஸ்தினோ’ படத்தில் நடித்தார். அதன் படப்பிடிப்பு முடிந்த மறுநாளே, 1994ஆம் ஆண்டு ஜூன் 4ஆம் நாள், இதயநோயால் காலமானார். அப்போது அவருக்கு அகவை 41.

இருவரின் நகைப் பாங்கும் வேறு வேறு. பெனிஞ்ஞி ஓயாது பேசுபவர். கைகால்கள் பேச்சுக்கு முந்தும். திரோய்சி தயங்கித் தயங்கிப் பேசுபவர். சொல்லத் தொடங்கிய வாக்கியத்தை முடிக்காமல் விட்டு, விட்ட இடத்திலேயே நகையை விளைப்பவர். ஒருவர் பேச்சு தஸ்கன் வழக்கு. பொது இத்தாலிய மொழிக்கு அடித்தளமாக அமைந்தது அது. மற்றவர் பேச்சு தென்னாட்டு நேப்பிள்ஸ் வழக்கு. வடபுலத்தார் எளிதில் நகையாடும் பேச்சு. இந்த முரணே படத்தின் உயிர். உரையாடல்களில் பல படப்பிடிப்பின்போதே இருவராலும் புனையப்பட்டவை. ஆகவே இதனை எழுதி நடித்த நாடகம் என்பதைவிட, இரு கூத்தர் எதிரெதிர் நின்று ஆடிய கூத்து என்றே சொல்லலாம்.

கதைப்போக்கு

சவேரியோ தொடக்கப்பள்ளி ஆசிரியன். மாரியோ பள்ளிப் பணியாள். இருவரும் நண்பர்கள். காரில் செல்லும்போது ரயில்வே கேட் ஒன்றில் நெடுநேரம் காத்திருக்க நேர்கிறது. ரயில் வருவதாயில்லை, கேட்டும் திறப்பதாயில்லை. பொறுமையிழந்து வேறு வழியில் வண்டியைத் திருப்புகின்றனர். வழியில் வண்டி பழுதாகிறது, மழை கொட்டுகிறது. கண்ணில் பட்ட விடுதியில் இரவைக் கழிக்கின்றனர். பொழுது விடிந்தால் அது 1492ஆம் ஆண்டு!

அறையில் உடனிருந்த ஒருவன் சிறுநீர் கழிக்கச் சன்னலண்டை போகிறான். வெளியிலிருந்து பாய்ந்த ஈட்டி அவன் உயிரைக் குடிக்கிறது. நண்பர்கள் பழங்காலத்தை முதன்முதலில் காண்பது இவ்வாறுதான். அவ்வூரின் பெயர் ஃபிரித்தொலே, கற்பனை ஊர். அங்கே விதெல்லோத்சோ என்னும் இறைச்சிக்கடைக்காரனின் குடும்பம் அவர்களுக்குப் புகலிடம் தருகிறது. மாரியோ, பியா என்னும் செல்வக்குடிப் பெண்ணின்மேல் காதல் கொள்கிறான். விதெல்லோத்சோ சிறைப்படுகிறான், அவனை விடுவிக்க நண்பர்கள் துறவி சவொனரோலாவுக்குக் கடிதம் எழுதுகின்றனர். பின்னர்ச் சவேரியோவுக்கு ஓர் எண்ணம் உதிக்கிறது. ஆண்டு 1492, கொலம்பஸ் இன்னும் கப்பல் ஏறவில்லை, அவனைத் தடுத்துவிட்டால் அமெரிக்கா என்பதே இராது! இருவரும் ஸ்பெயின் நோக்கிப் புறப்படுகின்றனர். வழியில் லியொனார்டோ டா வின்சியைச் சந்திக்கின்றனர். ஸ்பெயின் கடற்கரையை அடையும்போது கப்பல்கள் போய்விட்டிருக்கின்றன.

இக்கதையில் காலத்தைக் கடத்தும் பொறி எதுவும் இல்லை. அறிவியல் விளக்கமும் இல்லை. இப்படம் வெளிவந்த ஏழு திங்களில், 1985 ஜூலையில் வெளிவந்த ‘பேக் டு த ஃபியூச்சர்’ என்னும் அமெரிக்கப் படத்தில் காரே காலப்பொறியாகிறது. இத்தாலியப் படத்திலோ கார் பழுதாகி நின்றுவிடுகிறது. ஓர் இரவு உறக்கம் 500 ஆண்டுகளைப் பின்தள்ளிவிடுகிறது. எவ்வாறு வந்தோம் என்று படம் கேட்கவில்லை. வந்த இடத்தில் நம் கையில் என்ன இருக்கிறது என்றே கேட்கிறது.

வெறுங்கையோடு வந்தவர்கள்

நிகழ்காலத்து மனிதனைக் கடந்த காலத்தில் கொண்டு நிறுத்தும் உத்திக்கு இலக்கியத்தில் புகழ்பெற்ற முன்னோடி, 1889இல் வெளிவந்த மார்க் டுவைனின் ஆர்தர் அரசவை பற்றிய புதினமாகும். அதில் வரும் அமெரிக்கன் ஆயுதத் தொழிற்சாலையில் பணிபுரிந்தவன். எந்தப் பொருளையும் தன் கையால் செய்யத் தெரிந்தவன். சூரிய கிரகணம் நிகழும் நாளை அறிந்திருந்ததால் தன் உயிரைக் காத்துக்கொள்கிறான். பின்னர்த் தொலைபேசி வரை நிறுவிவிடுகிறான். அவன் கைத்திறனே இறுதியில் பெருங்கொலையில் முடிவது டுவைனின் கசப்பான அங்கதம்.

சவேரியோவும் மாரியோவும் அவனுக்கு நேர்மாறானவர்கள். அவர்களுக்கு எல்லாவற்றின் பெயரும் தெரியும். எதன் செய்முறையும் தெரியாது. மின்விளக்கின்கீழ் வளர்ந்தவர்கள்; மின்சாரம் யாதென்று சொல்ல இயலாதவர்கள். ரயிலுக்காகக் காத்து நின்றவர்கள். ரயில் எதனால் ஓடுகிறதென்று விளக்க மாட்டாதவர்கள். இருவருள் ஒருவன் ஆசிரியன் என்பது ஈண்டு கருதத்தக்கது. நூறு பிள்ளைகளுக்குப் பாடம் சொன்ன அவனுக்கும், அவன் வகுப்பறையைக் கூட்டிப் பெருக்கியவனுக்கும் 1492இல் யாதொரு வேறுபாடும் இல்லை. பட்டமும் பதவியும் தந்த உயர்வு தாழ்வுகளை ஓர் இரவு உறக்கம் அழித்துவிடுகிறது. உழைத்து உண்ண இறைச்சிக்கடைதான் இருவருக்கும் வாய்க்கிறது.

நவீன மனிதன் பழங்காலத்தவரைவிட அறிவாளி என்பது பலரும் ஐயமின்றி ஏற்றுக்கொண்ட கருத்து. இப்படம் அதனை நயமாக ஐயுறுகிறது. அறிவு சமுதாயத்தின் கூட்டுச் சொத்து. அது நூலகங்களிலும் தொழிற்சாலைகளிலும் பல்லாயிரவர் கைகளிலும் பரந்து கிடப்பது. தனியொருவன் அதிலிருந்து பெயர்த்தெடுக்கப்பட்டால் அவனிடம் எஞ்சுவது சில பெயர்ச்சொற்களே. கொளுத்தக் கொண்டு, கொண்டதை விடாதிருக்கும் மடன் என்பது இதுவே. பேதைமை கண்டு எழும் நகையில் பரிவு கலந்திருக்கும். மடன் கண்டு எழும் நகையிலோ நகைப்பவனின் முகமும் தெரியும். அரங்கில் அமர்ந்து நகைப்பவருள் எத்தனை பேர் வெப்பமானி ஒன்றைச் செய்து காட்ட வல்லவர்?

இரவல் பாடல்கள்

இலக்கிய அன்பர்கள் உற்று நோக்கத்தக்க காட்சி, மாரியோ பியாவின்முன் பாடும் காட்சியாகும். காதலியைக் கவர அவனிடம் செல்வம் இல்லை; குலம் இல்லை. அவன் செய்வது யாது? இன்னும் பிறவாத பாடல்களைத் தன் பாடல்களாகப் பாடுகிறான். பீட்டில்ஸ் குழுவினர் 1965இல் வெளியிட்ட ‘எஸ்டர்டே’ என்னும் பாடல் அவன் இயற்றியதாகிறது. தொமேனிகோ மொதூஞ்ஞோ 1958இல் பாடி உலகெங்கும் பரப்பிய நீலவானப் பாடலும் அவனுடையதாகிறது. இத்தாலிய நாட்டுப்பண்ணைக்கூட அவன் விட்டுவைக்கவில்லை.

கடைசியாகக் கூறியது எளிய நகையன்று. அந்நாட்டுப்பண் 1847இல் கொஃப்ரேதோ மாமெலி என்னும் இளைஞர் எழுதியது. 1946 முதல் நாட்டுப்பண்ணாகப் பாடப்பட்டு வருவது. 1492இலோ இத்தாலி என்னும் அரசே இல்லை. ஃபிளாரன்ஸ் ஒரு குடியரசு, மிலான் ஒரு சிற்றரசு, வெனிஸ் தனியரசு, மாரியோவின் நேப்பிள்ஸ் அரகோன் மரபினரின் முடியாட்சி. இத்தாலி என்னும் அரசு உருவானது 1861இல். இல்லாத நாட்டின் பண்ணை, நேப்பிள்ஸ் பேச்சுடைய ஒருவன், தஸ்கனிப் பெண்ணிடம் காதற்பாட்டாகப் பாடுகிறான். நாடு என்பது ஆதியிலிருந்தே உள்ளதென்று நம்பும் பெருமிதத்தின்மீது எறியப்பட்ட சிறு கல் இது. எறிந்தவர்கள் கல்லெறிந்ததாகக் காட்டிக்கொள்ளவே இல்லை.

பிறர் பாடலைத் தன்னதென்பது களவு. எனினும் அவையோர் மாரியோவை வெறுப்பதில்லை. பத்தாண்டுகளுக்குப் பின் வந்த ‘இல் போஸ்தினோ’ படத்தில், திரோய்சி ஏற்ற அஞ்சற்காரனின் பெயரும் மாரியோவே. அவனும் நெருடாவின் சொற்களைத் தன் காதலியிடம் தனதாகச் சொல்கிறான். கவிஞர் கடிந்துகொள்ளும்போது, கவிதை எழுதியவருக்கு உரியதன்று, அது தேவைப்படுவோருக்கே உரியது என்னும் பொருள்பட விடையிறுக்கிறான். ஃபிரித்தொலே மாரியோவிடம் அவ்விடை இன்னும் முதிரவில்லை. விதை மட்டும் விழுந்திருக்கிறது. தேவைப்பட்டோர் எடுத்துக்கொள்ளும் பொருளாக இலக்கியத்தைக் கண்ட ஒரு கலைஞரின் மனப்போக்கை இவ்விரு படங்களையும் இணைத்து நோக்கும்போதுதான் உணரவியலும்.

அதிகாரத்தின்முன் ஒரு கடிதம்

சவொனரோலாவுக்குக் கடிதம் எழுதும் காட்சி இத்தாலிய மக்களின் நினைவில் நிலைத்துவிட்ட ஒன்று. அது 1956இல் வெளிவந்த ஒரு படத்தில், தோத்தோ, பெப்பினோ என்னும் இரு நேப்பிள்ஸ் நகைச்சுவை நடிகர்கள் ஒரு பெண்ணுக்குக் கடிதம் எழுதும் காட்சியை அடியொற்றியது. முன்னோரை வணங்கியே இளைய கூத்தர் இருவரும் தம் காட்சியைக் கட்டினர். ஆனால் பொருளில் ஒரு மாற்றம் செய்தனர். முன்னதில் கடிதம் காதல் விவகாரம் பற்றியது. இதிலோ அரசியல் அதிகாரம் உடைய துறவிக்கு எழுதும் விண்ணப்பம்.

விளிக்கும் சொல்லில் தொடங்கி ஒவ்வொரு சொல்லுக்கும் இருவரும் மல்லுக்கட்டுகின்றனர். துறவியைத் தங்களுக்கு மிகவும் பிடிக்கும் என்கின்றனர். அவர் காலடியில் தங்கள் முகத்தை வைத்து வணங்குவதாக எழுதுகின்றனர். முகம் காலடியில் இருக்கையில் அவர் அசையாதிருக்க வேண்டுமே என்று ஐயம் எழுகிறது. அவ்வாறு கட்டளையிடுவது மரியாதையன்று; ஆகவே விரும்பியவாறு அசையலாம், நாங்கள் வாய் திறவாது கீழே கிடப்போம் என்று திருத்துகின்றனர். பணிவை மிகுவிக்க மிகுவிக்க மொழி சிதைகிறது. சொல்ல வந்த செய்தி, ஒருவனை விடுதலை செய்க என்பது, புகழுரையின் அடியில் மறைந்தே போகிறது. அலுவலகங்களில் விண்ணப்பம் எழுதிப் பழகியோர் இக்காட்சியைக் கண்டு நகைப்பதோடு நாணவும் கூடும்.

யாருக்கு எழுதப்பட்டது என்பதில் இன்னொரு கூர்மை உண்டு. ஜிரோலமோ சவொனரோலா 1491இல் ஃபிளாரன்சின் சான் மார்கோ மடத்துத் தலைவரானவர். பெரியோரின் ஆடம்பரத்தையும் இச்சகத்தையும் இடித்துரைத்தவர். 1497 பிப்ரவரி 7இல் அவரைப் பின்பற்றியோர் அணிகலன்கள், ஓவியங்கள், நூல்கள் முதலியவற்றைக் குவித்துத் தீயிட்டனர். அடுத்த ஆண்டு 1498 மே 23இல் அதே நகரச் சதுக்கத்தில் அவர் தூக்கிலிடப்பட்டு எரிக்கப்பட்டார். இச்சகத்தை வெறுத்தவருக்கு இச்சகமே உருவான கடிதம் எழுதப்படுகிறது. எவர் காலடியில் முகம் வைக்கின்றனரோ அவர் நிற்கும் நிலம் ஆறு ஆண்டுகளில் தீக்களமாகப் போகிறது. படம் இதனை வாய்விட்டுச் சொல்வதில்லை. வரலாறு அறிந்த அவையோரின் நெஞ்சில் அது தானே எழுகிறது. தொல்காப்பியர் அங்கதத்தை வெளிப்படக் கூறும் செம்பொருள் அங்கதம் என்றும், மறைத்துக் கூறும் பழிகரப்பு அங்கதம் என்றும் பகுத்தார். இக்கடிதக் காட்சி பின்னதற்கு நல்லதோர் எடுத்துக்காட்டு.

கேள்வி நான்கு, காசு ஒன்று

வெளிப்பட நிற்கும் அங்கதத்துக்குச் சுங்கச்சாவடிக் காட்சியைக் காட்டலாம். எல்லைக்கோட்டில் ஓர் அலுவலன் நிற்கிறான். யார் நீங்கள், எங்கிருந்து வருகிறீர்கள், எங்குச் செல்கிறீர்கள், என்ன கொண்டு செல்கிறீர்கள் என்று கேட்கிறான். விடை எதுவாயினும் முடிவு ஒன்றே: ஒரு ஃபுளோரின் காசு கட்ட வேண்டும். நண்பர்கள் சிறு காரணங்களால் கோட்டின் இப்புறமும் அப்புறமும் போய்வர நேர்கிறது. ஒவ்வொரு முறையும் அதே முகங்கள், அதே கேள்விகள், அதே காசு. சற்று முன்தான் கடந்தோம் என்பது அவன் செவியில் ஏறுவதில்லை.

இவ்வலுவலன் கொடியவன் அல்லன். கைக்கூலி வாங்குபவனும் அல்லன். தனக்குச் சொல்லித் தரப்பட்டதைப் பிழையின்றிச் செய்பவன். அதனாலேயே நகைக்கு இடமாகிறான். கொண்டது விடாமை என்னும் மடன் ஆசிரியனிடம் அறிவின் வேடத்தில் இருந்தது. இவனிடம் கடமையின் வேடத்தில் இருக்கிறது. படத்தின் தொடக்கத்தில் 1984ஆம் ஆண்டின் மனிதர்கள் வராத ரயிலுக்காக மூடிய கேட்டின்முன் நின்றனர். 1492இல் சுங்கக் கோட்டின்முன் நிற்கின்றனர். நூற்றாண்டுகள் ஐந்து மாறின. தடுப்புக் கட்டையின்முன் நிற்கும் குடிமகனின் நிலை மாறவில்லை.

பொற்காலம் என்னும் மயக்கம்

1492 இத்தாலிய வரலாற்றில் சிறப்புமிக்க ஆண்டு. மறுமலர்ச்சிக் காலத்தின் உச்சம் அது. கலைகளைப் புரந்த லொரென்சோ தெ மெதீச்சி அவ்வாண்டு ஏப்ரல் 8இல் மறைந்தார். லியொனார்டோ மிலான் அரசவையில் பணிபுரிந்துகொண்டிருந்தார். உலகெங்கிலுமிருந்து பயணிகள் இத்தாலிக்கு வருவது அக்காலத்து மாடங்களையும் ஓவியங்களையும் காண்பதற்கே.

அத்தகைய பொற்காலத்தில் இப்படம் காட்டுவது யாது? அரண்மனையன்று, இறைச்சிக்கடை. ஓவியக்கூடமன்று; சன்னல் வழியே பாயும் ஈட்டி. பழிக்குப் பழி வாங்கும் குடும்பப் பகை அங்கே அன்றாடச் செய்தி; ஒருவன் கொல்லப்பட்டதைப் பெரிதும் வியப்பார் இலர். தெருவில் செல்லும் துறவி சன்னலில் நிற்கும் மாரியோவை நோக்கி, நீ ஒருநாள் சாகப்போகிறாய் என்பதை மறவாதே என்று முழங்குகிறார். மாரியோ, சரி என்கிறான். துறவி மீண்டும் முழங்குகிறார். அவர் விடமாட்டார் என்று கண்ட மாரியோ, இதோ குறித்துக்கொள்கிறேன் என்று பணிவாக விடை தருகிறான். ஐரோப்பிய இடைக்காலச் சமயச் சிந்தனையின் பெரும்பொருளாகிய சாவச்சம், சந்தையில் வாங்கவேண்டிய பொருளின் குறிப்புப்போல் ஆகிவிடுகிறது. நிலையாமையைக் கேட்டுத் தலையாட்டிவிட்டு, மறுகணம் காதலியின் தோட்டத்துப் பந்தைத் தேடிப் போவதுதானே மனித இயல்பு!

இவ்வாறு இப்படம் இருபுறமும் கூர்மையுடைய வாளாகிறது. அன்றைய மக்கள் நம்மைவிட உயர்ந்தவர் என்று பழமை பேசுவோரையும் அது விடுவதில்லை. நாம் அவர்களைவிட உயர்ந்தவர் என்று புதுமை பேசுவோரையும் அது விடுவதில்லை. பழங்காலத்தைப் பற்றிப் பெருமிதம் கொள்ளும் மொழியினர் யாவரும் இவ்வங்கதத்தைத் தமக்கும் உரியதாகக் கொள்ளலாம்.

கொலம்பசைத் தடுத்தல்

சவேரியோ கொலம்பசைத் தடுக்க விரும்புவது ஏன்? அவன் உடன்பிறந்தாள் கபிரியெல்லீனாவை அமெரிக்கன் ஒருவன் காதலித்துக் கைவிட்டான். அமெரிக்கா கண்டுபிடிக்கப்படாவிட்டால் அந்த அமெரிக்கன் இரான். அவன் இராவிட்டால் அவள் அழமாட்டாள். உலக வரலாற்றின் பெருந்திருப்பம் ஒன்றை ஒரு குடும்பத்துக் கண்ணீருக்காக மாற்றியமைக்கத் துணிகிறான் தொடக்கப்பள்ளி ஆசிரியன்.

இதில் இத்தாலியருக்கே புரியும் ஒரு நுட்பம் உண்டு. கொலம்பஸ் ஜெனோவாவில் பிறந்த இத்தாலியர். 1880 முதல் 1920 வரையிலான காலத்தில் ஏறத்தாழ 40 இலட்சம் இத்தாலியர் பிழைப்புத் தேடி அமெரிக்கா சென்றனர். இரண்டாம் உலகப் போருக்குப் பின் அமெரிக்கப் படைத்தளங்கள் இத்தாலிய மண்ணில் அமைந்தன. படம் வெளிவந்த காலத்தில் சிசிலியின் கோமிசோவில் அமெரிக்க ஏவுகணைகள் நிறுவப்பட்டதை எதிர்த்துப் போராட்டங்கள் நடந்தன. அமெரிக்கா அவர்களுக்குக் கனவாகவும் இருந்தது, மனக்குறையாகவும் இருந்தது. கைவிடப்பட்ட ஒரு பெண்ணின் கதையில் ஒரு நாட்டின் மனநிலையே மறைந்து நிற்கிறது எனலாம்.

இன்னொரு கோணமும் உண்டு. 1492 ஆகஸ்ட் 3இல் பாலோஸ் துறையினின்று புறப்பட்ட கொலம்பஸ் அக்டோபர் 12இல் கரீபியத் தீவொன்றில் இறங்கினார். அடுத்த சில பத்தாண்டுகளில் அங்கு வாழ்ந்த தைனோ மக்கள் நோயாலும் கட்டாய உழைப்பாலும் வன்முறையாலும் பேரழிவுக்கு உள்ளாயினர். 1992இல் அப்பயணத்தின் 500ஆம் ஆண்டு கொண்டாடப்பட்டபோது, அது கொண்டாட்டத்துக்கு உரியதா என்ற வினா உலகெங்கும் எழுந்தது. எட்டாண்டுகளுக்கு முன்பே ஒரு நகைச்சுவைப் படம், அப்பயணம் நிகழாதிருந்தால் என்னும் எண்ணத்தை அவையோர் மனத்தில் விதைத்தது. சவேரியோவின் காரணம் சிறியது. ஆனால் அவன் பிந்தி வந்து கடற்கரையில் நிற்கும்போது எழும் ஏமாற்றம் அவனுடையது மட்டுமன்று.

லியொனார்டோவின் ரயில்

படத்தின் கருத்து முழுவதும் திரண்டு நிற்பது லியொனார்டோ வரும் பகுதியில்தான். உலகப் பேரறிஞரைக் கண்ட மகிழ்ச்சியில் நண்பர்கள் தங்களுக்குத் தெரிந்த எதிர்காலத்தை எல்லாம் அவரிடம் கொட்டுகின்றனர். ரயில் என்கின்றனர், வெப்பமானி என்கின்றனர். பொருளின் பெயரைச் சொல்கின்றனர்; உருவத்தைக் கையால் வரைந்து காட்டுகின்றனர்; உள்ளே என்ன இருக்கிறது என்று மட்டும் சொல்ல இயலவில்லை. வருவாயை மூவரும் சமமாகப் பகிரலாம் என்று பேரமும் பேசுகின்றனர். லியொனார்டோ விழிக்கிறார். எதுவும் விளங்கியதாகத் தோன்றவில்லை. சீட்டாட்டம் கற்பித்தாலும் தடுமாறுகிறார். பேரறிஞர் என்று போற்றப்படுபவர் இவ்வளவு மந்தமானவரா என்று இருவரும் ஏமாற்றத்துடன் விலகுகின்றனர்.

இறுதிக் காட்சியில் தொலைவில் புகை தெரிகிறது. ரயில்! தம் காலத்துக்குத் திரும்பிவிட்டோம் என்று இருவரும் ஓடுகின்றனர். அருகில் சென்று பார்த்தால் எஞ்சினில் நிற்பவர் லியொனார்டோ. அவர்கள் அரைகுறையாகச் சொன்னதைக் கேட்டு அவரே அதனைச் செய்துவிட்டார். ரிச்சர்ட் டிரெவிதிக்கின் நீராவி ரயில் எஞ்சின் தண்டவாளத்தில் ஓடியது 1804இல். அதற்கு 300 ஆண்டுகளுக்கு முன்பே ரயில் வந்துவிட்டது. நண்பர்கள்தாம் வீடு திரும்பவில்லை.

ரயில் வராமையால் தொடங்கிய கதை ரயில் வந்ததால் முடிகிறது. விரைவாக விடை சொன்னவர்கள் ஒன்றும் செய்யவில்லை. புரியவில்லை என்று விழித்தவர் செய்து முடித்தார். புரியவில்லை என்று உணர்வதற்கும் ஓர் அறிவு வேண்டும். அதுவே ஆராய்ச்சியின் முதற்படி. பெயர் தெரிந்தவுடன் பொருளும் தெரிந்துவிட்டதாக எண்ணும் மடனை இப்படம் கடிந்துரைக்கவில்லை. புகைவண்டி ஓட்டும் முதியவர் ஒருவரைக் காட்டி நகைக்க வைக்கிறது. அந்நகை அடங்கிய பின்னும் ஒரு துயர் எஞ்சுகிறது. நண்பர்கள் நெடுநாள் வாழ்ந்த காலம் அவர்களுக்கு உரிமையானதாக இருந்ததே இல்லை. அதனால்தான் திரும்பும் வழியை அவர்களால் உண்டாக்கிக்கொள்ள இயலவில்லை. தலைப்பில் உள்ள அழுகையின் பொருள் இங்கே விளங்குகிறது.

குறைகள்

இப்படத்தில் குறைகள் இல்லாமல் இல்லை. காட்சிகள் தனித்தனி மணிகளாக ஒளிர்கின்றன. கோத்த நூல் மெலிந்து காணப்படுகிறது. பெண் மாந்தர்க்கு உரிய இடம் தரப்படவில்லை. பியா காதலிக்கப்படுபவளாகவே நின்றுவிடுகிறாள். அவள் உள்ளம் யாதென அறிய வாய்ப்பில்லை. கதை முழுவதையும் இயக்கும் கபிரியெல்லீனாவின் துயரமோ உடன்பிறந்தானின் வாய்மொழியாகவே வருகிறது. அவள் சார்பில் உலக வரலாற்றையே மாற்றப் புறப்படுபவன், அவள் விருப்பம் யாதென்று கேட்டதாகத் தெரியவில்லை. இதனையும் அங்கதமாகக் கொள்ள இயலுமேனும், படைத்தோர் அதனைக் கருதிச் செய்ததாகத் தோன்றவில்லை.

நிறைவாக

எள்ளலும் இளமையும் பேதைமையும் மடனும் ஆகிய நான்கும் இப்படத்தில் நகைக்கு நிலைக்களனாகின்றன. அவற்றுள் மடனே சமூக அங்கதத்தின் உயிர்நிலையாக அமைந்துள்ளது. கற்பித்ததை ஒப்பிக்கும் ஆசிரியன், கேள்விகளை ஒப்பிக்கும் சுங்க அலுவலன், எச்சரிக்கையை ஒப்பிக்கும் துறவி ஆகிய மூவரும் ஒரு தட்டில் நிற்கின்றனர். ஒப்பிக்காது எண்ணிய ஒருவர் மட்டும் எஞ்சினில் நிற்கிறார்.

இலக்கிய வட்டமொன்று பத்தாண்டுகளை நிறைவு செய்யும் இவ்வேளையில் இப்படம் விடுக்கும் வினா பொருத்தமானது. பழைய நூல்களின் பெயர்களை நிரல்படச் சொல்வது எளிது. புதிய கொள்கைகளின் பெயர்களைச் சொல்வது அதனினும் எளிது. யாரும் அறியாத ஓர் ஊரில், நூலகமும் மேடையும் இல்லாத ஒரு காலையில் விழித்தெழ நேர்ந்தால், கற்றவற்றுள் எதனை அங்குள்ள ஒருவருக்குப் பயன்படுமாறு விளக்கித் தர இயலும்? அவ்வாறு தர இயலுவதே ஒருவர் உண்மையில் கற்றது. அடுத்த பத்தாண்டின் பணி அதனைப் பெருக்குவதாக அமையட்டும்.